டோக்கியோவுக்கு ஓர் அனிமே பயணம்: விமானச் சீட்டுக்கு முன் காலண்டரை எடுங்கள்

சிறுவயதிலிருந்து அனிமே எனும் ஜப்பானிய அசைவூட்டப் படங்களைப் பார்த்து வளர்ந்தவருக்கு, டோக்கியோவில் இறங்கிவிட்டால் மற்றதெல்லாம் தானாக நடக்கும் என்று தோன்றும். நடக்காது. ரசிகர்கள் தேடிப் போகும் பல இடங்களில் வாசலில் டிக்கெட் கொடுப்பதே இல்லை. மாதத்தில் ஒரு குறிப்பிட்ட தேதி, ஒரு குறிப்பிட்ட மணி, இணையத்தில் விற்பனை திறக்கும். அதைத் தவறவிட்டவர் அனிமே நிறுவனமான ஜிப்லியின் அருங்காட்சியக வேலிக்கு வெளியே நின்று படம் எடுத்துக்கொண்டு திரும்ப வேண்டியதுதான். முதல் பயணத்தில் அப்படித் திரும்புகிறவர்கள் நிறையப் பேர். நீங்கள் அந்தக் கூட்டத்தில் சேர வேண்டாம் என்பதற்காகவே இவ்வளவு விவரமும்.

இந்தியக் கடவுச்சீட்டு வைத்திருப்பவரை மனத்தில் வைத்து எழுதியிருக்கிறேன். சிங்கப்பூர்க் குடிமக்களுக்கும், சிப் பொருத்திய கடவுச்சீட்டு உள்ள மலேசியக் குடிமக்களுக்கும் குறுகிய காலச் சுற்றுலாவுக்கு விசா வேண்டியதில்லை. அவர்கள் மூன்றாம் படியைத் தாண்டிப் போகலாம். இலங்கைக் கடவுச்சீட்டுக்கு விசா கட்டாயம்.

இரண்டு கணக்குகளை மனப்பாடம் செய்துகொள்ளுங்கள். ஒரு யென் ஏறத்தாழ 60 காசு. அதாவது 1,000 யென் என்றால் 600 ரூபாய். ஜப்பான் நேரம் நம் நேரத்தைவிட மூன்றரை மணி முன்னால் ஓடுகிறது.

1. தேதிகளைப் பின்னாலிருந்து எண்ணுங்கள்

பெரும்பாலோர் செய்வது: மலிவாக விமானச் சீட்டு கிடைத்த தேதியில் பதிவு செய்வது, பிறகு விசா, கடைசியில் "அங்கே என்ன பார்க்கலாம்" என்று தேடுவது. அனிமே பயணத்துக்கு இந்த வரிசை தலைகீழ். எதைப் பார்த்தே ஆக வேண்டும் என்று முதலில் முடிவு செய்யுங்கள். அதன் விற்பனைத் தேதி, விடுமுறை நாள், பராமரிப்புக்காக மூடும் வாரம் மூன்றையும் அந்தந்த இடத்தின் சொந்த இணையதளத்தில் பாருங்கள். விமானம் அதற்குப் பிறகு.

மார்ச் கடைசி வாரத்தை எடுத்துக்கொள்வோம். அனிமேஜப்பான் கண்காட்சி டோக்கியோ பிக் சைட் அரங்கில் அந்தச் சமயத்தில்தான் நடக்கும் வழக்கம். அப்போது உங்கள் காலண்டரில் இருக்க வேண்டியவை:

டிசம்பர் மாதம் முழுவதும்: கியோத்தோ அருகே ஊஜியில் உள்ள, வீடியோ கேம் நிறுவனமான நிண்டெண்டோவின் அருங்காட்சியக டிக்கெட் குலுக்கலுக்கு விண்ணப்பம். மூன்று மாதம் முன்னதாகவே விண்ணப்பிக்க வேண்டும். முடிவு அடுத்த மாதம் முதல் தேதி வரும்.

ஜனவரி 10, நம் நேரம் காலை 10.30: ஐச்சி மாகாணத்தில் உள்ள ஜிப்லி பூங்காவின் மார்ச் மாத டிக்கெட். இரண்டு மாதம் முன்னால், பத்தாம் தேதி, ஜப்பான் நேரம் பிற்பகல் 2 மணி.

ஜனவரி நடுவில்: விசா விண்ணப்பம்.

பிப்ரவரி 10, நம் நேரம் காலை 6.30: டோக்கியோ மிட்டாகாவில் உள்ள ஜிப்லி அருங்காட்சியகத்தின் மார்ச் மாத டிக்கெட்.

போக்கிமான் கஃபேயில் சாப்பிட விரும்பும் நாளுக்கு 31 நாள் முன்னால், நம் நேரம் பிற்பகல் 2.30: மேசை முன்பதிவு. மார்ச் 25 என்றால் பிப்ரவரி 22.

ஜிப்லி பூங்காவும் ஜிப்லி அருங்காட்சியகமும் வேறு வேறு. முதலாவது நகோயா பக்கம், இரண்டாவது டோக்கியோவில். இடையே புல்லட் ரயிலில் மட்டும் ஒன்றே முக்கால் மணி நேரம். பெயர் ஒன்றுபோல இருப்பதால் ஒன்றுக்குப் பதில் மற்றொன்றுக்கு டிக்கெட் எடுத்துவிடுகிறவர்கள் உண்டு. இரண்டுமே செவ்வாய்க்கிழமை விடுமுறை. பள்ளி விடுமுறை போன்ற காலங்களில் அது மாறும் என்பதால் காலண்டரைப் பார்த்தே முடிவு செய்யுங்கள்.

மார்ச் கடைசி, ஏப்ரல் தொடக்கம் செர்ரி மலர்க் காலமும்கூட. அறை வாடகை ஏறும். சாதாரண நாட்களில் டோக்கியோவின் சிறிய பிசினஸ் ஹோட்டல் அறை இரவுக்குப் பத்தாயிரம் முதல் பதினைந்தாயிரம் யென் வரை இருக்கும். கேப்சூல் விடுதி அதில் பாதிக்கும் குறைவு, ஆனால் பெரிய பெட்டியை வைக்க அங்கே இடமிருக்காது. பொருள் வாங்கும் எண்ணம் உள்ளவர் அறையே எடுப்பது நல்லது.

2. பெயரை ஒழுங்குபடுத்துங்கள்

தமிழர்களுக்கென்றே உள்ள தொல்லை இது. நம்மில் பலரின் கடவுச்சீட்டில் குடும்பப் பெயர்க் கட்டம் காலியாக இருக்கும். ஜப்பானிய டிக்கெட் தளங்களோ குடும்பப் பெயர், இயற்பெயர் இரண்டும் இல்லாமல் அடுத்த பக்கத்துக்கு விடாது. அங்கே அவசரத்தில் வீட்டில் கூப்பிடும் பெயரையோ, கடவுச்சீட்டில் இல்லாத இன்ஷியலையோ போட்டுவிடாதீர்கள். வாசலில் கடவுச்சீட்டையும் டிக்கெட்டையும் ஒப்பிட்டுப் பார்க்கும் இடங்களில் அது வம்பாகும்.

காலிக் கட்டத்தில் இயற்பெயரையே மறுபடி எழுதுங்கள். அல்லது இயற்பெயரில் இரண்டு சொல் இருந்தால் அதையே இரண்டாகப் பிரியுங்கள். எதைச் செய்தாலும் எல்லாத் தளங்களிலும் ஒரே மாதிரி. விசாப் படிவத்தில் மட்டும் இந்த வேலை கூடாது: கடவுச்சீட்டில் உள்ளபடியே, காலி என்றால் காலி.

சில தளங்கள் பெயரைக் கட்டகானா என்ற ஜப்பானிய எழுத்திலும் கேட்கும். இணையத்தில் மாற்றித் தரும் கருவிகள் உள்ளன. மாற்றி, ஒரு குறிப்பேட்டில் சேமித்து, வேண்டும்போது ஒட்டிக்கொள்ளுங்கள். விற்பனை ஓடிக்கொண்டிருக்கும் நேரத்தில் அதைத் தேடக் கூடாது. எழுத்து சரியாக இருந்தும் படிவம் ஏற்கவில்லை என்றால், பெரும்பாலும் காரணம் அரை அகல எழுத்தை உள்ளிட்டிருப்பது. ஜப்பானியத் தட்டச்சில் முழு அகலம், அரை அகலம் என்று ஒரே எழுத்துக்கு இரண்டு வடிவம் உண்டு.

3. விசா

சுற்றுலாவுக்கு இந்தியாவில் வசிப்பவர்களுக்கு 2024 ஏப்ரல் முதல் மின்விசா நடைமுறை. விண்ணப்பத்தை வி.எஃப்.எஸ். மையம் வழியாகத்தான் கொடுக்க வேண்டும்; தமிழ்நாட்டுக்காரர்களின் விண்ணப்பம் சென்னையிலுள்ள ஜப்பானியத் துணைத் தூதரகத்தின் எல்லைக்குள் வரும்.

தாள்கள்: கடவுச்சீட்டு, விண்ணப்பப் படிவம், மையத்தின் பட்டியலில் சொன்ன அளவில் புகைப்படம், போய்வரும் விமானப் பதிவு, தங்குமிடப் பதிவு, நாள்வாரிப் பயணத் திட்டம், கடந்த ஆறு மாத வங்கிக் கணக்கு அறிக்கை, வருமான வரிக் கணக்கு, வேலை பார்க்கும் இடத்திலிருந்து விடுப்புக் கடிதம். மாணவர் என்றால் கல்லூரிக் கடிதமும், செலவை ஏற்கும் பெற்றோரின் வங்கி, வரித் தாள்களும்.

நாள்வாரித் திட்டத்தில் கவனம் வையுங்கள். "டோக்கியோ சுற்றிப் பார்த்தல்" என்று பத்து நாளுக்கும் ஒரே வரி எழுதாதீர்கள். எந்த நாள் எந்த ஊர், எந்த ஹோட்டல், அதன் தொலைபேசி எண், எந்த இடம் என்று எழுதுங்கள். ஜிப்லி டிக்கெட் இன்னும் கைக்கு வராமல் இருக்கலாம். திட்டத்தில் அந்த இடத்தைக் குறிப்பிட அது தடையில்லை. ஹோட்டல் பதிவின் தேதியும் விமானத் தேதியும் திட்டத்தின் தேதியும் ஒன்றுக்கொன்று பொருந்த வேண்டும். இரவு விமானத்தில் ஏறி மறுநாள் இறங்குவதால் ஒரு நாள் பிசகுவது இங்கே மிகச் சாதாரணமாக நடக்கும் தவறு.

தாள்கள் சரியாக இருந்தால் குறைந்தது ஐந்து வேலை நாள். கூட்டமான மாதங்களில் கூடுதலாகும். விசா கிடைத்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் ஜப்பானில் இறங்கியாக வேண்டும், அதனால் மிக முன்கூட்டியும் போடக் கூடாது. மறுத்தால் காரணம் சொல்லமாட்டார்கள். அதே நோக்கத்துக்காக ஆறு மாதம்வரை மறுபடி விண்ணப்பிக்கவும் முடியாது. எனவே "போட்டுப் பார்ப்போம்" என்று அரைகுறைத் தாளோடு போகாதீர்கள். விமானம், ஹோட்டல் இரண்டையும் ரத்து செய்தால் பணம் திரும்பும் வகையில் பதிவு செய்யுங்கள்.

மின்விசாவில் ஒரு பொறி. கடவுச்சீட்டில் ஸ்டிக்கர் ஒட்டமாட்டார்கள். விமான நிலையத்தில் விசா அறிவிப்புப் பக்கத்தை இணைய இணைப்போடு கைபேசித் திரையில் திறந்து காட்ட வேண்டும். ஸ்கிரீன்ஷாட், பிடிஎஃப், அச்சுத்தாள் எதுவும் செல்லாது. சென்னையில் ஏறும்போது நம் இணையம் இருக்கும். நடுவில் விமானம் மாறும் ஊரிலும் கேட்கலாம். அங்கே வேலை செய்யும் இணைப்புக்கு முன்பே வழி செய்துவையுங்கள்.

பயணத்துக்கு முந்தைய வாரம் விசிட் ஜப்பான் வெப் தளத்தில் குடிநுழைவு, சுங்க விவரங்களை நிரப்பிக் கியூஆர் குறியீட்டை எடுத்துக்கொள்ளுங்கள். பதினைந்து நிமிட வேலை.

4. ஜிப்லி அருங்காட்சியக டிக்கெட்: காலை ஆறரை மணி

பெரியவர்களுக்கு 1,000 யென். 13 முதல் 18 வயது 700, 7 முதல் 12 வயது 400, 4 முதல் 6 வயது 100, அதற்கும் கீழே இலவசம். இவ்வளவு மலிவாக இருப்பதும், ஒரு நாளைக்கு விடும் ஆட்களின் எண்ணிக்கைக்கு வரம்பு இருப்பதும்தான் டிக்கெட் பறப்பதற்குக் காரணம்.

முந்தைய நாளே இவற்றைச் செய்துவையுங்கள். அருங்காட்சியகத்தின் இணையதளத்திலிருந்து, டிக்கெட்டை விற்கும் லாசன் டிக்கெட் தளத்தின் ஆங்கிலப் பக்கத்துக்குப் போகும் இணைப்பைக் கண்டுபிடித்துச் சேமியுங்கள். தேடுபொறியில் மேலே வரும் விளம்பரங்கள் பல இடைத்தரகர்களுடையவை. வங்கிச் செயலியைத் திறந்து, அட்டையில் வெளிநாட்டு இணையப் பரிவர்த்தனை இயக்கத்தில் இருக்கிறதா, வரம்பு போதுமா என்று பாருங்கள். நம் வங்கிகளின் அட்டைகளில் இது பெரும்பாலும் அணைத்தே வைக்கப்பட்டிருக்கும். காலை ஆறரைக்கு டிக்கெட் கைக்கு எட்டி, பணம் கட்டும் இடத்தில் தோற்றுப்போவது பெரும்பாலும் இதனால்தான். இரண்டாவது அட்டை ஒன்றும் பக்கத்தில் இருக்கட்டும்.

6.15க்குப் பக்கத்தைத் திறந்து காத்திருங்கள். விற்பனை தொடங்கியதும் ஒரு வரிசைப் பக்கம் வரும். அதைப் புதுப்பிக்காதீர்கள், புதுப்பித்தால் வரிசையில் கடைசிக்குப் போக நேரும். முறை வந்ததும் நாள், நேரம் இரண்டையும் தேர்ந்தெடுக்க வேண்டும், எனவே மனத்தில் மூன்று நாட்களைத் தயாராக வையுங்கள். சனி, ஞாயிறு முதலில் தீரும். வாரநாள் பிற்பகல்தான் கடைசிவரை கிடைக்கும். டிக்கெட்டில் குறித்த நேரத்திலிருந்து ஒரு மணி நேரத்துக்குள் உள்ளே நுழைய வேண்டும். நுழைந்தபின் மூடும்வரை இருக்கலாம். முடிந்தால் காலை நேரத்தையே எடுங்கள், ஏன் என்று ஏழாம் படியில் தெரியும்.

வாங்கியதை மாற்றவோ திருப்பிக் கொடுக்கவோ முடியாது. பதிவு செய்தவர் தம் அடையாள அட்டையோடு நேரில் வர வேண்டும், எனவே குழுவில் நிச்சயமாகப் பயணம் செய்கிறவர் பெயரில் பதிவு செய்யுங்கள். வேறொருவர் கூடுதல் விலைக்கு விற்கும் டிக்கெட்டை வாங்கி வாசலில் நிற்காதீர்கள்.

டோக்கியோவின் ஷின்ஜுகு நிலையத்திலிருந்து ஜப்பான் ரயில்வேயின் (ஜே.ஆர்.) சூவோ பாதையில் மிட்டாகா, சுமார் 20 நிமிடம். தெற்கு வாசலில் 9ஆம் எண் நிறுத்தத்தில் பேருந்து. நடந்தால் கால்வாய் ஓரமாக 15 முதல் 20 நிமிடம். நல்ல நடை அது, போகும்போதாவது நடங்கள். உள்ளே புகைப்படம் கூடாது. வெளியிலும் மொட்டை மாடியில் நிற்கும் எந்திர வீரன் அருகிலும் எடுக்கலாம். வேறெங்கும் திரையிடாத குறும்படம் ஒன்று உள்ளே இருக்கும் சிறு அரங்கில் ஓடும், ஒரு டிக்கெட்டுக்கு ஒரு காட்சி. வசனம் ஜப்பானிய மொழியில்தான், துணைவரி கிடையாது, ஆனாலும் புரியும்.

5. மற்ற டிக்கெட்டுகள்

நிண்டெண்டோ அருங்காட்சியகம் பெரியவர்களுக்கு 3,300 யென். குலுக்கலில் பல நேரங்களை விருப்பமாகக் கொடுக்கலாம். எல்லாக் கட்டத்தையும் நிரப்புங்கள். வென்றபின் குறித்த காலத்துக்குள் பணம் கட்டாவிட்டால் வாய்ப்பு போய்விடும், மின்னஞ்சலின் குப்பைப் பெட்டியையும் பாருங்கள். இடம் கிடைக்காதவர்களுக்கு, மிஞ்சிய டிக்கெட் முந்துபவருக்கு முதலிடம் என்ற முறையில் விற்பனைக்கு வரும்.

அனிமே பாடகர்கள், குரல் நடிகர்கள் மேடையேறும் நிகழ்ச்சிகளுக்கு டிக்கெட் எடுப்பது இவற்றைவிடக் கடினம். பெரும்பாலான தளங்கள் குறுஞ்செய்தி வரும் ஜப்பானியக் கைபேசி எண் கேட்கும். சுற்றுலாப் பயணிகளுக்கு விற்கும் இ-சிம்களில் பெரும்பாலானவை வெறும் டேட்டா மட்டும் தருபவை, எண் இராது. வெளிநாட்டு ரசிகர்களுக்கெனத் தனி விற்பனை அறிவிக்கிறார்களா என்று நிகழ்ச்சியின் சொந்தத் தளத்தில் பாருங்கள். இல்லையென்றால் அந்த நிகழ்ச்சியை விட்டுவிடுவதே மேல். டிக்கெட்டை அனுமதியின்றிக் கூடுதல் விலைக்கு மறுவிற்பனை செய்வதை 2019 ஜூன் 14இல் அமலுக்கு வந்த சட்டம் தடை செய்கிறது. வாசலில் பெயர் சரிபார்த்துத் திருப்பி அனுப்புவதும் நடக்கும்.

கருப்பொருள் கஃபேக்களில் முன்பதிவுக்குக் கட்டணம் பெரும்பாலும் இல்லை, ஆனால் மேசையில் இருக்கும் நேரத்துக்கு வரம்பு உண்டு. சைவம் சாப்பிடுகிறவர்கள் கவனிக்க: காய்கறி உணவு என்று தெரிவதிலும் மீன் சாறு கலந்திருக்கும். பழக்கமில்லாதவர்கள் கேக், பானத்தோடு நிறுத்திக்கொள்ளலாம்.

6. பணமும் ரயிலும்

ரொக்கமாக ஒரு பகுதி அவசியம். செவன் லெவன் கடைகளில் உள்ள ஏடிஎம் வெளிநாட்டு அட்டைகளை ஏற்கும். 2024 ஜூலையில் புதிய நோட்டுகள் வந்தன; பழைய இயந்திரங்கள் சில அவற்றை இன்னும் துப்பிவிடும். கேப்சூலில் பொம்மை தரும் இயந்திரங்களுக்கு, அதாவது கச்சாபோனுக்கு, 100 யென் நாணயம்தான் வேண்டும். ஒரு சுற்று 300 முதல் 500 யென். கையில் சேரும் நூறு யென் நாணயங்களைச் செலவழித்துவிடாமல் சேர்த்து வையுங்கள்.

இந்திய சிம்மை ரோமிங்கில் வைத்திருங்கள். அங்கே இணையத்தில் பணம் கட்டும்போது வங்கியின் ஒருமுறைக் குறியீடு வர வேண்டுமே.

ரயிலுக்கு வெல்கம் சூய்க்கா அட்டை போதும்: முன்பணம் கிடையாது, 28 நாள் செல்லும், மீதித் தொகை திரும்பாது, அதனால் கடைசி நாட்களில் சிறிது சிறிதாக நிரப்புங்கள். நாடு முழுவதும் செல்லும் ஜே.ஆர். பாஸ் 2023 அக்டோபரில் விலை ஏறி ஏழு நாளுக்கு 50,000 யென் ஆனது, நம் பணத்தில் 30,000 ரூபாய். டோக்கியோவுக்குள் சுற்றுகிறவருக்கு அது வீண். கியோத்தோ ஒருமுறை போய்வந்தாலும்கூட அந்தத் தொகை ஈடாகாது.

7. கடைவீதி: எங்கே, எப்போது, என்ன விலைக்கு

முதல் பயணத்தில் எல்லோரும் டோக்கியோவின் அகிஹபரா கடைவீதிக்கு ஓடி, முதல் கடையிலேயே பணத்தைக் கொட்டிவிடுகிறார்கள். பொறுங்கள். முதல் நாள் பார்ப்பதற்கு, வாங்குவது பிறகு. ஒரே பொம்மை, ஒரே தெருவில், இரண்டு கடைகளில் பாதிக்குப் பாதி விலை வித்தியாசத்தில் இருக்கும்.

அகிஹபரா நிலையத்தில் எலெக்ட்ரிக் டவுன் வாசல் வழியாக இறங்கினால் எதிரிலேயே ரேடியோ காய்கான் கட்டடம். அதில் சில தளங்களில் கண்ணாடிப் பேழைகளைத் தனியாருக்கு வாடகைக்கு விட்டிருப்பார்கள். ஒவ்வொரு பேழைக்கும் விலை வைப்பவர் வேறு. பழைய பொருட்களுக்கு மண்டராக்கேயின் எட்டு மாடிக் கறுப்புக் கட்டடம். இக்கெபுக்குரோவில் அனிமேட் தலைமைக் கடையும் ஒட்டோமே வீதியும், பெண் ரசிகர்கள் விரும்பும் தொடர்களுக்கு அங்கேதான் போக வேண்டும். நகானோ பிராட்வே ஷின்ஜுகுவிலிருந்து சூவோ விரைவு ரயிலில் அடுத்த நிறுத்தம். பழைய செல் (அனிமேக்காகக் கையால் தீட்டிய ஒளிபுகும் தாள்), பழைய பொம்மை, அச்சில் இல்லாத மாங்கா (ஜப்பானியச் சித்திரக்கதை) தேடுகிறவர்களுக்கு அகிஹபராவைவிட நல்ல இடம் என்பது என் முடிவு. அங்கே பல கடைகள் நண்பகல் 12க்குத்தான் திறக்கும், புதன்கிழமை மூடுபவையும் உண்டு. மிட்டாகாவும் நகானோவும் ஒரே ரயில் பாதையில். காலையில் ஜிப்லி, பிற்பகல் நகானோ: ஒரு நாள் முழுமையாகிவிடும்.

ஃபிகர் எனும் கதாபாத்திர பொம்மைகளில் இரண்டு வகையைப் பிரித்தறிய வேண்டும். பிரைஸ் ஃபிகர் என்பது கிரேன் விளையாட்டில் பரிசாக வைப்பதற்கென்றே செய்தது. பழைய பொருள் கடைகளில் பெட்டி திறக்காமலே 1,000 முதல் 2,500 யென்னுக்குக் கிடைக்கும். ஸ்கேல் ஃபிகர் 1/7, 1/8 என்ற அளவுக் குறிப்போடு வரும், புதிது 15,000 யென்னுக்கு மேல் ஓடும். கிரேனில் 3,000 யென் போட்டும் விழாத அதே பொம்மை பக்கத்துத் தெருவில் 1,200க்கு இருக்கும். விளையாடுவதே மகிழ்ச்சி என்றால் விளையாடுங்கள்; நான்கைந்து முறை தோற்றால் பணியாளரைக் கூப்பிட்டுக் கேளுங்கள், பொம்மையை எட்டும் இடத்துக்கு நகர்த்தி வைப்பது அங்கே வழக்கம்தான்.

பழைய பொருளில் பொருளுக்கும் பெட்டிக்கும் தனித்தனியாகத் தரம் எழுதியிருப்பார்கள். பொருள் ஏ, பெட்டி பி என்றால் பொம்மையில் குறையில்லை, அட்டையில் சிறு நசுங்கல். நமக்கு அதுவே லாபம். சிறு துண்டு காணவில்லை, வண்ணம் பெயர்ந்தது போன்றவை ஜப்பானிய மொழியில் சிறு சீட்டில் எழுதியிருக்கும்; கைபேசியின் மொழிபெயர்ப்புக் கேமராவை அதன் மேல் காட்டிப் படித்த பிறகே பணம் கொடுங்கள்.

தெருவில் நின்று கைப்பிரதி கொடுத்துக் கடைக்கு அழைப்பவர் பின்னால் போகாதீர்கள். பணிப்பெண் உடையில் பரிமாறும் மெய்ட் கஃபேக்குப் போக விருப்பமென்றால் வாசலில் விலைப்பலகை வைத்திருக்கும் இடத்துக்குப் போங்கள்: இருக்கைக் கட்டணம், குறைந்தபட்ச ஆர்டர், நேர வரம்பு மூன்றும் உண்டு. பணிப்பெண்களைப் படமெடுக்கக் கூடாது, அவர்களோடு எடுக்கும் உடனடிப் படத்துக்குத் தனிக் காசு.

8. வாங்கி வந்து வருந்தும் பொருட்கள்

ஜப்பானிய டிவிடி மண்டலம் 2, நம்முடையது 5. புளூ-ரே அங்கே மண்டலம் ஏ, இங்கே சி. நம் வீட்டுக் கருவியில் ஓடாமல் போகலாம். ஓடினாலும் ஆங்கிலத் துணைவரி பெரும்பாலும் இராது.

நிண்டெண்டோ சுவிட்ச் 2 விளையாட்டுக் கருவியில், 2025இல் 49,980 யென்னுக்கு வந்த மலிவுப் பதிப்பு ஜப்பானிய மொழிக்கு மட்டுமானது. மொழியை மாற்ற முடியாது, ஜப்பான் கணக்கோடுதான் இணையும். மலிவு என்று தூக்கிவிடாதீர்கள்.

விளக்கு, வறுகல் இயந்திரம் என்று கதாபாத்திரம் பொறித்த மின்பொருட்கள் அழகாக இருக்கும். ஜப்பானில் மின்னழுத்தம் 100 வோல்ட். அடியில் 100-240 வோல்ட் என்று எழுதியிருக்கிறதா பாருங்கள். 100 மட்டும் என்றால் நம் வீட்டில் செருகியதும் எரிந்துவிடும்.

மாடல் கிட்டுக்கான லாக்கர் ஸ்பிரே, தின்னர் விமானத்தில் கூடாது. பொம்மைத் துப்பாக்கியும் வாளும் கைப்பையில் கூடாது. ரசிகர்கள் வெளியிடும் தோஜின் புத்தகங்களில் பெரிய பகுதி வயது வந்தோருக்கானது. அட்டையில் 18 என்ற எண் இருக்கும். ஆபாசமாகக் கருதப்படும் அச்சுப் பொருளை இந்தியாவுக்குள் கொண்டுவர சுங்கச் சட்டத்தில் தடை உள்ளது. புரியாத அட்டையைப் புரட்டிப் பார்த்து வாங்குங்கள்.

9. வரி விலக்கு

விலையில் 10 விழுக்காடு நுகர்வு வரி. வரி விலக்குப் பலகை வைத்த கடையில், ஒரே நாளில், வரி நீங்கலாக 5,000 யென்னுக்கு மேல் வாங்கினால் சுற்றுலாப் பயணிக்கு அது தள்ளுபடி. அசல் கடவுச்சீட்டு வேண்டும். நகல், கைபேசிப் படம் ஏற்கமாட்டார்கள். அங்கே வெளிநாட்டவர் எப்போதும் கடவுச்சீட்டைக் கையில் வைத்திருக்க வேண்டும் என்பதே சட்டம், அதனால் அறையில் பூட்டிவிட்டு வராதீர்கள்.

2026 நவம்பர் 1 முதல் முறை மாறுகிறது: கடையில் வரியோடு பணம் கட்டி, நாடு திரும்பும்போது விமான நிலையச் சுங்கத்தில் உறுதிப்படுத்திய பிறகு வரி திரும்பும். பெட்டியை விமான நிறுவனத்திடம் கொடுப்பதற்கு முன் இந்த வேலையை முடிக்க வேண்டும், பொருளைக் காட்டச் சொன்னால் காட்ட வேண்டும். அதற்காக விமான நிலையத்துக்கு ஒரு மணி நேரம் கூடுதலாக ஒதுக்குங்கள். வரி விலக்கில் வாங்கியதை நீங்களே தபாலில் அனுப்பிவிட்டு ரசீதைக் காட்டும் வழி 2025 மார்ச்சோடு முடிந்துவிட்டது.

10. காமிக்கெட் போவதானால்

ஆண்டுக்கு இருமுறை, ஆகஸ்ட் நடுவிலும் டிசம்பர் கடைசியிலும், இரண்டு நாள், டோக்கியோ பிக் சைட்டில். ரசிகர்கள் தாங்களே வரைந்து அச்சிட்ட புத்தகங்களைத் தாங்களே விற்கும் சந்தை. 2024 டிசம்பரில் இரண்டு நாளில் மூன்று லட்சம் பேர் வந்தார்கள்.

நுழைவுக்குக் கைப்பட்டை வேண்டும்: முன்கூட்டிய நுழைவு, காலை, பிற்பகல் என்று நேரவாரியாக, நாளுக்கொரு நிறத்தில். முதல்முறை போகிறவருக்குப் பிற்பகல் பட்டையே நல்லது. புகழ்பெற்றவர்களின் புத்தகம் தீர்ந்திருக்கும், ஆனால் வரிசையில் மூன்று மணி நேரம் நிற்க வேண்டியிராது. இரவே வந்து வாசலில் தங்குவதற்குத் தடை உண்டு.

விற்பவர்கள் தனி ஆட்கள், அட்டை பெரும்பாலும் செல்லாது. புத்தகம் 500, 1,000 யென் என்ற முழுத் தொகையில் இருக்கும். பத்தாயிரம் யென் நோட்டை நீட்டினால் சில்லறைக்கு அவர் தவிப்பார், பின்னால் வரிசை நிற்கும். முன்தினமே ஆயிரம் யென் நோட்டு இருபது, 500 நாணயம் இருபது சேர்த்துவிடுங்கள். ஆகஸ்டில் வெயில் நம்மூர் சித்திரைக்குக் குறைந்ததில்லை, ஈரப்பதம் வேறு: இரண்டு பாட்டில் தண்ணீர், உப்பு மிட்டாய், துண்டு.

காஸ்ப்ளே செய்வதானால் உள்ளே பதிவு செய்து, அங்குள்ள அறையில்தான் உடை மாற்ற வேண்டும். வேடத்தோடு ரயிலில் வருவதும் போவதும் கூடாது. மற்றவரைப் படமெடுக்க வரிசையில் நின்று, கேட்டு, எடுத்து, நன்றி சொல்லி நகர வேண்டும்.

இதே மரியாதை கதைகளில் வந்த இடங்களைத் தேடிப் போகும்போதும் வேண்டும். கமாகுரா கோகோ-மாயே நிலையத்தின் ரயில் கடவை 'ஸ்லாம் டங்க்' ரசிகர்களால் நிரம்பி வழிகிறது. அது பள்ளிப் பிள்ளைகளும் வீட்டுக்காரர்களும் நடக்கும் தெரு. சாலை நடுவில் நிற்காமல், வாகனத்தை மறிக்காமல், காலை எட்டு மணிக்குள் போய் வந்துவிடுங்கள்.

11. பெட்டி கட்டுதலும் சுங்கமும்

ஃபிகரில் எடை குறைவு, இடம் அதிகம். 1/7 அளவில் நான்கு பெட்டி வைத்தால் நடுத்தரச் சூட்கேஸ் நிறைந்துவிடும். போகும்போதே பெரிய பெட்டிக்குள் சிறிய பெட்டியை வைத்து எடுத்துச் செல்லுங்கள். கடை அட்டைப் பெட்டியைத் தூக்கிப் போடாதீர்கள், உள்ளிருக்கும் பிளாஸ்டிக் அச்சுதான் மெல்லிய விரல்களையும் முடியிழைகளையும் காப்பது. சூட்கேஸின் நடுவில் வைத்து, நான்கு பக்கமும் துணி சுற்றுங்கள். மாங்காவோ நேர்மாறு: முப்பது தொகுதி சேர்ந்தால் ஐந்தாறு கிலோ. அதைச் சக்கரத்துக்குப் பக்கத்தில், அடியில்.

சென்னையில் இறங்கும்போது, சுங்கத் தீர்வையில்லாமல் கொண்டுவரக்கூடிய மதிப்பின் வரம்பு ஒவ்வொரு பயணிக்கும் தனித்தனி. குடும்பத்தார் வரம்பை ஒன்றாகக் கூட்ட முடியாது. புறப்படும் முன் அன்றைய வரம்பைச் சுங்கத் துறையின் தளத்தில் பாருங்கள். தாண்டியிருந்தால் சிவப்பு வழியில் போய் அறிவித்துவிடுங்கள். எல்லா ரசீதும் ஒரு உறையில், கைப்பையில் இருக்கட்டும். ரசீது இல்லாத பொருளுக்கு அதிகாரி இணையத்தில் பார்த்து மதிப்புப் போடும்போது, பழைய கடையில் 1,500 யென்னுக்கு வாங்கியதற்கும் புதிது விலைதான் வரும்.

வீட்டுக்கு வந்ததும் ஃபிகரைச் சன்னலோரம் வைக்காதீர்கள். பிவிசி பிளாஸ்டிக் நம் ஊர் வெப்பத்தில் இளகும். ஒற்றைக் காலில் நிற்கும் பொம்மைகள் ஒரு கோடைக்குள் சாய்ந்துவிடும். மூடிய பெட்டியில் பல மாதம் வைத்தால் பிளாஸ்டிக்கிலிருந்து கசியும் இளக்கிப் பொருள் மேலே பிசுபிசுப்பாகப் படியும். அது கெட்டுப்போனதன் அறிகுறி அல்ல. வெதுவெதுப்பான நீரில் ஒரு சொட்டு மென்மையான சோப்பு கலந்து, மிருதுவான தூரிகையால் கழுவி, நிழலில் உலர்த்துங்கள். ஆல்கஹால், தின்னர் எதுவும் தொடக் கூடாது, வண்ணமே போய்விடும்.